பொழுதுமாற்றுச் சுவடி

பொழுதுமாற்று என்ற சுவடியை முதலில் முழுதாக வாசித்தவள் உலகம்மாள்தான். தாமிரபரணிக் கரையில் பாழடைந்து கிடந்த ஒரு மடத்தை இடித்தபோது, சுவருக்குள் இருந்த மரப்பெட்டியில் நூற்றுப் பன்னிரண்டு ஏடுகள் கிடைத்தன. அவளுக்கு முன் நான்கு பேர் அதைப் புரட்டிப் பார்த்துவிட்டு, காலத்தைக் கட்டும் மாந்திரீகம் என்று ஒதுக்கியிருந்தார்கள். உலகம்மாள் பதினோரு வருடமாக ஏடு வாசிப்பவள். மாந்திரீகச் சுவடி என்றால் தெய்வத்தின் பெயர் வரும், பலி வரும், எதிரியின் பெயரை எழுத இடம் விட்டிருக்கும். இதில் அப்படி எதுவும் இல்லை. அளவுகள்தான் இருந்தன. செம்பால் இழைத்த இரண்டு அறைகள், ஒன்றுக்கு மற்றது இத்தனை பங்கு, நடுவில் தொங்கும் மணிக்கு இன்ன எடை, இன்ன சுருதி. மந்திரம் போலத் தெரிந்த பாட்டுகள்கூட மணியை எந்தத் தாளத்தில் அடிக்க வேண்டும் என்பதைத்தான் சொல்லின.

அவள் அதைப் பதிப்பித்து எட்டு மாதம் கழித்து டாக்டர் ஜெபசிங் அவளைத் தேடி வந்தார். இயற்பியல் படித்தவர். ஊருக்கு வெளியே ஒரு தனியார் ஆய்வு மையத்தின் தலைவர். அவளைத் தன் காரிலேயே கூட்டிக்கொண்டு போய் இரண்டு செம்புப் பெட்டிகளைக் காட்டினார். காலையில் இரண்டிலும் ஒவ்வொரு முழம் பிச்சிப்பூ வைத்திருந்தார்களாம். ஒன்றைத் திறந்தார். பூ அப்போது பறித்தது போல் இருந்தது. மற்றதைத் திறந்தார். பழுப்பு நிறத்தில் தூள்தான் இருந்தது.

"பொழுதைப் புதுசா உண்டாக்க முடியாதும்மா. உங்க சுவடி அதைத்தான் சொல்லுது. ஒரு அறையில இருந்து எடுத்து இன்னொரு அறையில ஊத்தலாம். அவ்வளவுதான்" என்றார் ஜெபசிங்.

"அப்ப இந்தப் பூவோட பொழுதை அந்தப் பூ சுமந்துருக்கா?"

"அப்படித்தான். ஒரு உசிருக்குப் பதிலா இன்னொரு உசிர். வெறும் அறையா விட்டா பிடிக்க மாட்டேங்குது. பூவுக்குப் பூ. ஆட்டுக்கு ஆடு."

அவர் அதோடு நிறுத்திக்கொண்டு பெட்டிகளை மூடினார். ஆனால் உலகம்மாளுக்கு அடுத்த சொல் எதுவென்று தெரிந்தது.

அந்த வருடம்தான் அவளுடைய தம்பி சொரிமுத்துவுக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. அவன் மின்கம்பத்தில் ஏறி வேலை பார்ப்பவன். கூட ஏறியவன் கம்பத்திலேயே கருகிச் செத்தான். மறுநாள், மின்சாரத்தை நிறுத்தாமல் ஏறச் சொன்ன மேஸ்திரியை சொரிமுத்து தேடிப் போய் அடித்தான். ஒரே அடி. மேஸ்திரி விழுந்த இடத்தில் கல் இருந்தது. கையில் இரும்புக் குழாயோடு தேடிப் போனான் என்பதால், கொல்லும் எண்ணத்தோடுதான் போனான் என்று நீதிமன்றம் முடிவு செய்தது. அப்போது அவனுக்கு இருபத்தொன்பது வயது. செண்பகத்தைக் கல்யாணம் செய்து ஒன்றரை வருடம். அம்மா அப்பா இல்லாத வீட்டில் அவனை வளர்த்தவள் உலகம்மாள். அவனுக்காகவே என்று சொல்ல முடியாது, ஆனாலும் அவள் கல்யாணம் செய்துகொள்ளவில்லை.

விரைவுத் தண்டனைத் திட்டம் வந்தபோது பத்திரிகைகள் எல்லாம் பாராட்டின. திட்டம் எளிமையானது. உறுப்பு மாற்று சிகிச்சைக்காகக் காத்திருக்கும் நோயாளி மெதுவான அறையில் இருப்பார். அவருக்கு வெளியே ஒரு மாதம் என்பது ஒரு நாள். விருப்பப்பட்டு வரும் கைதி வேகமான அறையில் இருப்பான். அவனுக்கு வெளியே ஒரு நாள் என்பது ஒரு மாதம். பதினான்கு வருடத் தண்டனை நூற்று எழுபது நாளில் முடிந்துவிடும். நோயாளி பிழைப்பார், கைதி அரை வருடத்தில் வீட்டுக்கு வருவான், சிறையில் நெரிசல் குறையும்.

"யாருக்கும் நட்டமில்ல" என்றார் ஜெபசிங். "முதல் ஆளா உங்க தம்பியவே எடுத்துக்கிடலாம்னு இருக்கோம். சுவடியக் கண்டுபிடிச்சவங்க குடும்பம்னு சொன்னா சனங்களுக்கும் நம்பிக்கை வரும். ஒரே ஒரு காரியம்தான். உள்ள இருக்கிறதுக்கு ஏதும் வரம்பு உண்டான்னு மருத்துவக் குழு கேக்காங்க. சுவடியில என்ன சொல்லியிருக்குன்னு நீங்க எழுதிக் குடுக்கணும்."

சுவடியில் எண்பத்தாறாம் ஏட்டில் அது இருந்தது. விரைபொழு துள்ளோன் எழுநாள் இருந்து புறத்தே வருக. அதற்கு அடுத்த அடியைச் செல் அரித்திருந்தது.

எழுநாள் என்றால் எழும் நாள். உள்ளே இருப்பவன் தானாக எழுந்து வரும் நாள் வரை இருக்கலாம், வரம்பு இல்லை. அப்படியும் படிக்கலாம். எழுநாள் என்றால் ஏழு நாள். பழைய பாட்டில் ஏழு நாளை அப்படித்தான் சொல்வார்கள். போதாததற்கு ஏட்டில் எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் வித்தியாசமே கிடையாது. அதே சுவடியில் வேறொரு இடத்தில், எழுநாள் பால் திரியாது என்று வருகிறது. அங்கே ஏழு நாள் என்பதைத் தவிர வேறு பொருளே இல்லை. உலகம்மாளுக்கு அந்த இடம் மனப்பாடம்.

அவள் இரண்டு நாள் யோசித்தாள். சிறைக்குப் போய்க் கம்பிக்கு அந்தப் பக்கம் நின்ற தம்பியைப் பார்த்தாள். அவன் மெலிந்திருந்தான்.

"எக்கா, நெசமாவே அஞ்சாறு மாசந்தானா?" என்று கேட்டான்.

"எங்களுக்கு அஞ்சாறு மாசம். உனக்குப் பதினாலு வருசம்லே. தனியா இருக்கணும்."

"இங்க மட்டும் என்ன கூட்டமாவா இருக்கேன்? நான் வெளிய வரும்போது செண்பகத்துக்கு இருபத்தேழுகூட ஆகியிருக்காது. எனக்கு அது போதும்."

அன்று மாலையே அவள் எழுதிக் கொடுத்தாள். தானாக எழும் நாள் வரை இருக்கலாம் என்பதே பாடம், சுவடியில் கால வரம்பு ஏதும் கூறப்படவில்லை. கீழே கையெழுத்துப் போட்டாள்.

அறை பதினெட்டடிக்குப் பன்னிரண்டடி. விளக்கு எரிந்தால் பகல், அணைந்தால் இரவு. ஒவ்வொரு நாள் காலையிலும் ஒரு மாதத்துக்கான அரிசி, பருப்பு, காய்கறி, மருந்து எல்லாவற்றையும் ஒரு இரட்டைக் கதவு வழியாக உள்ளே தள்ளுவார்கள். பேச முடியாது. இந்தப் பக்கம் இருப்பவர் ஒரு வார்த்தை சொல்லி முடிப்பதற்குள் அந்தப் பக்கம் அரை நிமிடம் போய்விடும். கடிதம் மட்டும் போடலாம். உலகம்மாள் தினமும் காலையில் வந்து கடிதம் வைப்பாள். அதே கதவு வழியாக அவனுடைய கடிதமும் வரும். அவளுக்கு அது தினசரிக் கடிதம். அவனுக்கு மாதம் ஒன்று.

முதல் கடிதம் நாற்பத்திரண்டு பக்கம் இருந்தது. சமைக்கப் பழகியதை, தரையில் கோடு போட்டு நடந்ததை, செண்பகத்தோடு கல்யாணத்துக்கு முன் பேசிய பேச்சையெல்லாம் எழுதியிருந்தான். இரண்டாம் நாள் முப்பது பக்கம். ஒன்பதாம் நாள் நான்கு வரிதான் இருந்தது. பல் வலிக்கிறது, முகம் வீங்கிவிட்டது, மருந்து அனுப்பு. அவள் ஓடிப் போய் மையத்தின் டாக்டரைப் பிடித்தாள். நாளைக் காலை சாமான்களோடு அனுப்பிவிடலாம் என்றார் அவர். மறுநாள் மருந்து போனது. அன்று வந்த கடிதத்தில், பல்லைப் பாத்திரம் பிடிக்கும் குறடால் தானே பிடுங்கிவிட்டதாகவும், அது நடந்து மூன்று வாரம் ஆகிவிட்டதாகவும் எழுதியிருந்தான். கோபமாகக்கூட எழுதவில்லை.

நாற்பதாம் நாளிலிருந்து கடிதங்கள் ஒரு பக்கத்துக்குச் சுருங்கின. ஒரே வாக்கியம் இரண்டு மூன்று தடவை வந்தது. எழுபதாம் நாள் வந்த தாளில் ஒரு கேள்வி மட்டும் இருந்தது. செண்பகத்துக்கு மச்சம் எந்தக் கன்னத்தில்?

செண்பகம் அந்தத் தாளை வாங்கிப் பார்த்தாள். "எடது கன்னம்னு எழுதிப் போடுங்க மதினி" என்றாள். பிறகு, "அத்தான் போயி ரெண்டரை மாசங்கூட ஆவலையே" என்றாள்.

தொண்ணூற்றேழாம் நாள் வெறும் தாள் வந்தது. நான்காக மடித்திருந்தது. அவ்வளவுதான்.

உலகம்மாள் அந்தத் தாளோடு ஜெபசிங்கின் அறைக்குப் போனாள். அவர் எழுந்து நின்று வரவேற்றார், நாற்காலியைக் காட்டினார்.

"நிப்பாட்டிருங்க சார். அவனை வெளிய எடுத்துருங்க."

"எடுக்கலாம்மா. நான் மாட்டேன்னு சொல்லல. ஆனா அரசாணையப் படிச்சியளா? பாதியில வந்தா உள்ள இருந்த காலம் தண்டனையில சேராது. மறுபடி சிறைக்குப் போயி முதல்ல இருந்து பதினாலு வருசம் இருக்கணும். எட்டு வருசம் முடிச்சுட்டான். இன்னும் எழுபத்துமூணு நாள்."

"உங்களுக்கு எழுபத்துமூணு நாள்."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். "அந்தப் பக்கம் மில் முதலாளி ஒருத்தர் கல்லீரலுக்குக் காத்துக்கிட்டு இருக்கார். இப்ப நிறுத்தினா அவர் செத்துருவார். அதையும் நான் பாக்கணும்." பிறகு குரலைத் தாழ்த்திச் சொன்னார். "ஒண்ணு செய்யலாம். உடம்புக்கு ஆபத்துன்னு சுவடியிலயே இருந்தா நான் குழுவக் கூட்டி நிறுத்த முடியும். தண்டனையும் கழிய வாய்ப்பு உண்டு. ஆனா வரம்பு இல்லைன்னு நீங்கதான எழுதிக் குடுத்திய?"

சொல்லியிருக்கலாம். அந்த நாற்காலியில் உட்கார்ந்து, எனக்குத் தெரியும், அது ஏழு நாள், தெரிந்தேதான் அப்படி எழுதினேன் என்று சொல்லியிருக்கலாம். உலகம்மாள் மேசை மேலிருந்த கண்ணாடி உருண்டையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். எட்டு வருடம் போய்விட்டது, இன்னும் ஆறு வருடம்தானே என்று அவளுக்குள் ஒன்று கணக்குப் போட்டது. ஏழு என்று சொன்னால் தன் வேலை போகும், பெயர் போகும் என்று இன்னொன்றும் கணக்குப் போட்டது. எது முந்தியது என்று பின்னாளில் எத்தனையோ முறை நினைத்துப் பார்த்தும் அவளால் கண்டுபிடிக்க முடியவில்லை.

"ஆமா, நான்தான் எழுதிக் குடுத்தேன்" என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டாள்.

நூற்று எழுபதாம் நாள் காலை பத்து மணிக்குக் கதவைத் திறந்தார்கள். நரைத்த தாடியோடு ஒருவர் வாசல்வரை வந்து அங்கேயே நின்றார். யாராவது சொன்னால்தான் தாண்டுவார் போல இருந்தது. முன்பற்கள் இரண்டு இல்லை. உலகம்மாளுக்கு முப்பத்தாறு வயது, அவனுக்கு இப்போது நாற்பத்து மூன்று. செண்பகம் புதுச்சட்டை ஒன்றை நெஞ்சோடு அணைத்துப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அவன் அவளை வெகுநேரம் பார்த்தான். அவளுடைய இடது கன்னத்தைப் பார்த்தான்.

"ஆமா, இடதுதான்" என்றான். அதைச் சரிபார்ப்பதற்காகவே வந்தவன் போல இருந்தது அந்தக் குரல்.

செண்பகம் மூன்று வாரம் அந்த வீட்டில் இருந்தாள். அவன் அவளை அடிக்கவில்லை, திட்டவில்லை. அவள் பக்கத்தில் வந்தால் எழுந்து சுவரோரம் நின்றுகொள்வான். "அத்தான் மாரியே இருக்காவ மதினி. ஆனா அவிய அப்பா மாரி இருக்காவ" என்று அழுதாள். பிறகு அவளுடைய அண்ணன் வந்து கூட்டிக்கொண்டு போனான். மில் முதலாளிக்குக் கல்லீரல் கிடைத்தது. அவர் அதற்குப் பின் பதினோரு வாரம் உயிரோடிருந்தார்.

வீட்டில் அவன் கேட்காமல் எந்தக் கதவையும் திறக்கமாட்டான். பேருந்து நிறுத்தத்தில் நிற்க முடியாது, நடந்தே வீட்டுக்குத் திரும்பிவிடுவான். இரு, ஒரு நிமிசம், இந்தா வாரேன் என்று உலகம்மாள் அடுப்படியிலிருந்து சொன்னால் தட்டை அப்படியே வைத்துவிட்டுப் போய்ப் படுத்துக்கொள்வான். அக்கா என்று கூப்பிடுவதும் குறைந்துவிட்டது. மருத்துவமனையில் நர்ஸ், "உங்க அண்ணனா?" என்று கேட்டபோது இருவருமே மறுக்கவில்லை.

அவன் வெளியே வந்த ஏழாவது மாதம் திட்டத்தை விரிவாக்கும் அறிவிப்பு வந்தது. நாற்பது கைதிகள், நாற்பது நோயாளிகள். நாற்பது பேரின் பட்டியல் போட்டாயிற்று. ஓய்வு பெற்ற நீதிபதி ஒருவர் தலைமையில் மூன்று பேர் கொண்ட குழு பொது விசாரணை நடத்தும், ஆட்சேபம் உள்ளவர்கள் வரலாம் என்று போட்டிருந்தது. சுவடியின் பாடம் குறித்து அவளும், முதல் பயனாளி என்ற முறையில் சொரிமுத்துவும் வர வேண்டும் என்று கடிதம் வந்தது.

உலகம்மாள் இந்த முறை ஒரு நாள்கூட யோசிக்கவில்லை. ஒரு தாளில் ஏழு நாள் என்று எழுதி, பால் திரியாத பாட்டையும் சேர்த்து எழுதி மடித்து வைத்துக்கொண்டாள்.

விசாரணை நடந்த கட்டடத்தின் வாசலில் பெண்கள் திரண்டு நின்றார்கள். பட்டியலில் இருந்தவர்களின் மனைவிமார், தாய்மார். அவள் ஆட்சேபம் சொல்லப் போகிறாள் என்று எப்படியோ செய்தி பரவியிருந்தது. பேச்சித்தாய் என்ற பெண் வழியை மறித்தாள். முப்பது வயதுக்குள்தான் இருக்கும். இடுப்பில் ஒரு குழந்தை, கையைப் பிடித்தபடி இன்னொன்று.

"உங்க தம்பி வெளிய வந்துட்டாருல்லா? இப்ப எங்களுக்கு மட்டும் கதவச் சாத்த வந்துட்டியளாக்கும்?"

"கதவச் சாத்த வரலம்மா. உள்ள போனா என்ன ஆகும்னு உங்களுக்குத் தெரியாது."

"எனக்கு என்ன தெரியணும்? இந்தப் பிள்ள அவிய முகத்த இன்னும் பாக்கல. பதினாலு வருசம் கழிச்சு அவிய வந்து என்ன, வராம என்ன? நீங்க படிச்சவிய. ஒங்களுக்கு ஒரு ஞாயம், எங்களுக்கு ஒரு ஞாயமா?"

உலகம்மாள் அவளைச் சுற்றிக்கொண்டு உள்ளே போனாள். சொரிமுத்து இரண்டடி பின்னால் வந்தான்.

நீதிபதி பொறுமையான மனிதர். அவள் கொடுத்த தாளை இரண்டு முறை படித்தார். எகரம் ஏகாரம் என்றால் என்ன என்று கேட்டுத் தெரிந்துகொண்டார். ஜெபசிங்கைப் பார்த்து, ஏழு நாள் என்பது பொருத்தமாக இருக்கிறதா என்று கேட்டார். இருக்கலாம், ஆனால் மருத்துவ அறிக்கையில் பெரிய பாதிப்பு எதுவும் பதிவாகவில்லை என்றார் ஜெபசிங். எடை, ரத்த அழுத்தம், சர்க்கரை எல்லாம் சரியாகத்தான் இருந்தன.

நீதிபதி அவள் பக்கம் திரும்பினார்.

"நீங்க முன்னாடி எழுதிக் கொடுத்ததுல வரம்பு இல்லைன்னு இருக்கு. இப்ப ஏழுன்னு சொல்றீங்க. இந்த இரண்டாவது பாடம் உங்களுக்கு எப்பத் தெரிஞ்சுது?"

உலகம்மாள் வாயைத் திறந்தாள்.

"எனக்கு ஒண்ணும் ஆகல ஐயா" என்றான் சொரிமுத்து.

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அவன் யாரும் கூப்பிடாமலே எழுந்து நின்றிருந்தான். அங்கிருந்தவர்களுக்கு அது சாதாரணம். ஏழு மாதமாகக் கேட்காமல் ஒரு கதவைக்கூடத் திறக்காதவன் அவன் என்பது உலகம்மாளுக்குத்தான் தெரியும்.

"சொல்லுங்க. உள்ளே எப்படி இருந்தது?"

"நல்லாத்தான் இருந்துச்சு. சோறு, தண்ணி, துணிமணி எல்லாம் ஒழுங்கா வந்துச்சு. யாரும் அடிக்கல. சிறையில இருந்ததவிட நிம்மதி. எக்கா என் மேல உள்ள பாசத்துல இப்படிச் சொல்லுதா. செண்பகம் போயிட்டால்லா, அந்த வருத்தம் அவளுக்கு. ஏழு, எழுன்னு என்னமோ சொல்லுதா. எழுதுனது எழுதுனபடியே இருக்கட்டும் ஐயா. நான் பதினாலு வருசம் இருந்துட்டு வந்து நிக்கேன். இதுக்கு மேல என்ன அத்தாட்சி வேணும்?"

நீதிபதி குறித்துக்கொண்டார். "அம்மா, நீங்க ஏதாவது சொல்லணுமா?"

உலகம்மாள் தம்பியைப் பார்த்தாள். அவன் அவளைப் பார்க்கவில்லை. ஜன்னலுக்கு வெளியே வேப்பமரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவனுடைய வலது கை நாற்காலியின் முதுகை இறுகப் பிடித்திருந்தது.

"இல்ல ஐயா" என்றாள்.

குழு அரை மணி நேரத்தில் முடிவைச் சொல்லிவிட்டது. வாசலில் குலவை எழுந்தது. உலகம்மாளும் சொரிமுத்துவும் பின்பக்கமாக வெளியே வந்து, வேப்பமரத்தடியில் ஆட்டோவுக்கு நின்றார்கள்.

"ஏன்லே அப்படிச் சொன்ன? நாப்பது பேருலே."

"நீ தெரிஞ்சேதான் எழுதுனேன்னு சொல்ல வாயத் தொறந்த" என்றான்.

அவள் அவன் பக்கம் திரும்பினாள். "உனக்குத் தெரியுமா?"

"உன் புஸ்தகத்தத்தான உள்ள வச்சுருந்தேன். பதினாலு வருசம் வேற என்னத்தப் படிக்க? பால் திரியாத பாட்டு வருதுல்லா. அஞ்சாவது வருசமோ ஆறாவது வருசமோ புரிஞ்சு போச்சு. அப்புறம் எழுதப் பிடிக்கல."

"என்னைய நீ வெறுத்துருக்கணும்."

"வெறுத்தேன். ரொம்ப நாளு. பெறகு அதுவும் தீந்து போச்சு." அவன் குரலில் குற்றச்சாட்டு எதுவும் இல்லை. "நீ இன்னைக்கு அதச் சொல்லியிருந்தா உன்னையப் பிடிச்சு உள்ள போட்டுருவானுவ. ரெண்டு வருசமோ அஞ்சு வருசமோ. நான் வெளிய உக்காந்து உனக்காகக் காத்துக் கெடக்கணும். என்னால இனி யாருக்காகவும் காத்துக் கெடக்க முடியாது. அந்த நாப்பது பேரு எனக்கு யாரு?"

அதற்குள் பேச்சித்தாய் அவர்களைக் கண்டுபிடித்து ஓடிவந்தாள். குழந்தையை இறக்கி விட்டுவிட்டு உலகம்மாளின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள். அழுது முகம் வீங்கியிருந்தது, ஆனால் சிரித்தாள்.

"காலையில என்னமோ பேசிட்டேன், மனசுல வச்சுக்கிடாதிய எக்கா. உங்க தம்பிக்குக் கோயில் கட்டிக் கும்புடணும்." சொரிமுத்துவைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டாள். பிறகு, குரலைத் தாழ்த்தி, அவளிடம் மட்டும் கேட்டாள். "அடுத்த வாரமே உள்ள போறாவளாம். தைப் பொங்கலுக்கு முந்தி வந்துருவாவன்னு சொல்லுதாவ. போன மாரியே வந்துருவாவல்லா?"

சொரிமுத்து ஆட்டோ வரும் திசையைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"வந்துருவாவ" என்றாள் உலகம்மாள்.